சீனி கருக்குன குழம்பு

உள்ள வாங்க டீச்சர். இதுதான் ரூம். ஜன்னலைத் தொறந்தா கடக்காத்து சும்மா பிச்சுக்கிட்டு வரும். கட்டில் கிடக்கட்டும்னா கிடக்கட்டும், வேண்டாம்னா எடுத்துருதேன். ஆள் கிடந்த கட்டில்தான். அதை நானே சொல்லிருதேன். நாளைக்கு எதுத்த வீட்டுக்காரி சொல்லி நீங்க மனசு சங்கடப்படக் கூடாது பாருங்க. பினாயில் போட்டுக் கழுவி, வெயில்ல போட்டு எடுத்தாச்சு.

என்னது, அந்தப் போட்டோவா? அது என் தம்பி, கிளாட்வின். பக்கத்துல நிக்கவ அவன் பொண்டாட்டி. ஆமா, வெளிநாட்டுக்காரிதான். ஆப்பிரிக்காவான்னு எல்லாரும் கேப்பாவ. இல்ல, ஜமைக்கா. அமெரிக்காவுக்குக் கீழ ஒரு தீவாம். பேரு டெலோரிஸ். நம்ம ஆளுவ வியாகுலம்னு வைப்போம்லா, அதே பேருதான் அதுன்னு ஃபாதர் சொன்னாரு. உடனே தெருவே அவளை வியாகுலம்னு கூப்பிட ஆரம்பிச்சிட்டு. அவளும் திரும்பிப் பாப்பா. அப்படி ஒரு வெக்கங்கெட்டது.

உக்காருங்க டீச்சர், நிக்காதீய. இந்த வீட்டுக்கு வர்றீயன்னா உங்களுக்கு விசயம் தெரியணும். தெருவுல நாலு பேரு நாலு மாதிரி பேசுவாவ. என் வாயால கேட்டுருங்க.

கிளாட்வின் கைக்குழந்தையா இருக்கும்போதே எங்க அம்மா போய்ட்டா. அப்பா தோணியில கொழும்புக்கும் மாலத்தீவுக்கும் போறவரு, வீட்ல இருக்கறதே அபூர்வம். எட்டாவதோட என்னை நிறுத்திட்டாரு. அப்பலருந்து நான்தான் அவனுக்கு எல்லாம். சோத்தைப் பிசைஞ்சு உருட்டி வாய்ல வச்சா, கன்னத்துல ஒதுக்கி வச்சுக்கிட்டு அரை மணி நேரம் உக்காந்திருப்பான். “முழுங்குலே, முழுங்குலே”ன்னு தொண்டையைத் தடவி விடுவேன். அப்படி வளத்த பிள்ளை. என்னைப் பொண்ணு கேட்டு வந்தாவ டீச்சர், வராம இல்ல. மணப்பாட்டுல இருந்து ஒரு இடம், நல்ல இடம். இவனை யாரு பாப்பான்னு நான்தான் வேண்டாம்னேன். அதை அவங்கிட்ட நான் சொல்லிக் காட்டினதே இல்ல. கோவத்துல எப்பவாவது ஒருவாட்டி வாயில வந்திருக்கும், அவ்வளவுதான்.

கேட்டரிங் படிச்சான். கப்பல்ல வேலை கிடைச்சுது. சரக்குக் கப்பல் இல்ல, ஆளுவ உல்லாசமாப் போறாவல்லா, அந்தக் கப்பல். அதுல அடுப்படியில இவன். அவளுக்கு ரூம் சுத்தம் பண்ணுற வேலை. ஒருநாள் போன் பண்ணுதான். “அக்கா, ஒரு விசயம், சத்தம் போடாத”ங்கான். சொல்லுலேன்னேன். “கல்யாணம் முடிஞ்சிட்டு”ங்கான். முடியப்போறதில்ல டீச்சர், முடிஞ்சிட்டு. அவ ஊர்ல, அவ ஊர்க் கோயில்ல, அவ ஆளுவ முன்னால. நான் சத்தம் போடல. போனை வச்சுட்டு மீன் அறுக்க உக்காந்துட்டேன். அன்னைக்கு விரல்ல வெட்டினதுதான் இந்தத் தழும்பு.

பொறவு ரெண்டு வருசம் கழிச்சு வந்தான். வந்தான்னா, அனுப்பி வச்சுட்டாவ. முழுங்க முடியலன்னு கப்பல் டாக்டர்கிட்ட போயிருக்கான், அங்க இங்க பாத்து, கடைசியில உணவுக்குழாய்ல கட்டி, முத்திப்போச்சுன்னு சொல்லிட்டாவ. நான் ஆட்டோவுல போய் ஸ்டேசன்ல நிக்கேன். எறங்குதான் பாருங்க, சட்டை தனியா அவன் தனியா. எனக்கு அடையாளமே தெரியல. அவனுக்குப் பின்னால ரெண்டு பெட்டியை ரெண்டு கையில தூக்கிக்கிட்டு அவ எறங்குதா. நல்ல ஒசரம். தலையில மஞ்சத் துணியைச் சுத்திக் கட்டியிருக்கா. நெறம்னா, நான் கறுப்புதான் டீச்சர், பாக்கீயல்லா, ஆனா நம்ம கறுப்பு வேற. பெட்டியை வச்சுட்டு என் கையப் பிடிச்சு, “மைனி, நான் டெலோரிஸ்”ங்கா. தமிழ்ல. இவன் சொல்லிக் கொடுத்திருக்கான். எங்க ஆளுவள்ல புருசனோட அக்காவை அப்படித்தான கூப்பிடுறது. பக்கத்துல நின்ன ஆட்டோக்காரன் சிரிச்சுட்டான்.

இங்க பெரியாஸ்பத்திரியில காட்டுனோம். ஆப்பரேசன் கட்டத்தைத் தாண்டிட்டு, வலி இல்லாமப் பாத்துக்கோங்கன்னுட்டாவ. குழாய் வச்சு சாப்பாடு கொடுக்கலாம்னாவ, இவன் கையெடுத்துக் கும்பிட்டு, வேண்டாம்னுட்டான். “வாயால சாப்பிடுற வரைக்கும் சாப்பிடுதேன் சார்”ன்னான். சமையக்காரன்லா. அப்ப டாக்டர் சொன்னாரு, பருக்கை ஒண்ணு கூடாது, எல்லாம் வடிகட்டினதுதான், ஆளை நிமுத்தி உக்கார வச்சுத்தான் கொடுக்கணும், கொஞ்சங் கொஞ்சமாக் கொடுக்கணும்னு. வாரத்துக்கு ரெண்டுவாட்டி வீட்டுக்கே ஒரு நர்ஸை அனுப்புனாவ, செண்பகம்னு பேரு.

நான் கஞ்சி வச்சேன். தேங்காப் பாலு விட்டுச் சொதி வச்சு அதுல தெளிவை எடுத்துக் கொடுத்தேன். மீன் சூப்பு, பருப்புத் தண்ணி. எது கொடுத்தாலும் ரெண்டு கரண்டியில குமட்டிருவான். சட்டியில ஏந்துறதே எனக்கு வேலை. ஒருநாள் அவளைக் கூப்பிட்டு இங்கிலீஷ்ல என்னமோ கேக்கான். கான்வென்ட்ல படிச்சதால எனக்கு இங்கிலீஷ் காதுல புரியும், வாய்ல வராது. அவங்க ஊர்க் கோழிக் குழம்பு கேக்கான். கப்பல்ல ரெண்டு பேரும் வேலை முடிஞ்ச பொறவு அதைத்தான் வச்சுத் தின்பாவளாம். தண்ணியே இறங்காதவன் கோழிக் குழம்பு கேக்கான்! அவ கண்ணு கலங்கிட்டு. “எஸ், எஸ்”ங்கா.

அன்னைக்கே கோழி வாங்கிட்டு வந்துட்டா. எலுமிச்சம்பழத்தை அரக்கி அரக்கித் தேய்ச்சுக் கழுவுனா. அது எனக்குப் பிடிச்சுது, சுத்தக்காரி, அதுல நான் குறை சொல்ல மாட்டேன். பூண்டு, இஞ்சி, வெங்காயத்தாள் எல்லாம் நசுக்கிப் போட்டா. அவ பெட்டியில இருந்து ஒரு டப்பா எடுத்தா, நம்ம மிளகு மாதிரியே, ஆனா பெருசு. மோந்து பாத்தா கிராம்பு, பட்டை, சாதிக்காய் எல்லாம் ஒண்ணா அடிக்கி. ஏதோ ஒரு இலை வேணும்னு தெருவெல்லாம் தேடுதா. கடைசியில சலேத்தம்மா வீட்டுத் தொட்டியில கற்பூரவள்ளி நிக்கதைப் பாத்துட்டா. அதாம் டீச்சர், பிள்ளைக்குச் சளி பிடிச்சா பிழிஞ்சு கொடுப்போம்லா, அதே இலை. அதைக் கசக்கி மோந்து பாத்துட்டு அந்தம்மாவைக் கட்டிப் பிடிச்சு முத்தம் கொடுத்துட்டா. சலேத்தம்மா எதுத்த வீடு. அன்னைக்கே அவ கட்சி மாறிட்டா.

எல்லாத்தையும் கோழியில பெரட்டி ஊற வச்சுட்டு, பொறவு செஞ்சா பாருங்க ஒரு வேலை. எண்ணெயைக் காய வச்சு அதுல சீனியைப் போட்டா. சீனி! உருகுது, செவக்கு, கறுக்கு, பொகையுது. நான், “ஏட்டி, கருகுதுட்டி, எறக்கு”ன்னு கத்துதேன். அவ கையைக் காட்டி, “மைனி, பொறுங்க, பொறுங்க”ங்கா. கரியாப் போற நேரத்துல கோழியைத் தூக்கிப் போட்டா. சடசடன்னு ஒரு சத்தம். அடுப்படி முழுக்கப் பொகை. கோழி அப்படியே தேக்குக் கட்டை நெறத்துக்கு வந்துட்டு. பொறவு காரட்டு, தக்காளி, தண்ணி ஊத்தி மூடிட்டா. ஒரு மிளகாயை முழுசாப் போட்டு, உடையாமப் பாத்து எடுத்துக்கிட்டா. வாசனைக்காம், காரத்துக்கு இல்லயாம். எங்க அம்மா வச்சிருந்த சட்டி டீச்சர், அடியில கறுப்பு பிடிச்சு, தேய்க்க தேய்க்க எனக்குக் கை ஓஞ்சு போச்சு.

அந்தக் குழம்பை வெள்ளைத் துணியில வடிகட்டினா. அதை இன்னொருவாட்டியும் வடிகட்டினா. அவனை நிமுத்தி, முதுகுக்குத் தலையணை வச்சு, சின்னக் கரண்டியில ஒரு சொட்டு, பொறுத்து ஒரு சொட்டு. நான் சட்டியோட நிக்கேன், இப்பக் குமட்டுவான், இப்பக் குமட்டுவான்னு. குமட்டல. ஒரு கப்பு முழுசாக் குடிச்சான். கண்ணை மூடிக்கிட்டு, “அக்கா, நீ கொஞ்சம் ருசி பாரேன்”னான். எனக்கு எதுக்குலே, நீ தின்னாப் போதும்னேன். தின்னுருக்கணும்னு சொல்றீயளா? கருக்குன சீனியை எவனாவது திம்பானா?

அதுல இருந்து வீடு மாறிப்போச்சு. ஒருநாள் விட்டு ஒருநாள் கோழிக் குழம்பு. சீனி கருகுற வாசனை என் சேலை, தலையணை எல்லாத்துலயும் ஏறிட்டு. அவன் கண்ணு முழிச்சா, “டெல்”னுதான் கூப்பிடுவான். முன்னால எல்லாம் “அக்கா”ன்னுதான் முழிப்பான். அவளும் வாய் ஓயாம அவங்கிட்டப் பேசிக்கிட்டே இருப்பா, பாட்டுப் படிப்பா, சாகப் போற மனுசன் சிரிக்கான். ரெண்டு பேரும் சிரிக்காவ, நான் இந்த வாசல்ல நிக்கேன். ஒருநாள் கஞ்சியைக் கொண்டு வந்து நிக்கேன், “அக்கா, நீ இனிமே கஞ்சி வைக்காண்டாம், எதுக்குக் கஷ்டப்படுத”ன்னான். அன்பாத்தான் சொன்னான். அப்படித்தான் நான் எடுத்துக்கிட்டேன். கஞ்சியைக் கொண்டுபோய்ப் பின்னால வாழைக்கு ஊத்திட்டு வந்துட்டேன்.

மறுநாள் அவகிட்ட சொன்னேன், என் அடுப்புல சீனி கருக்கக் கூடாதுன்னு. சண்டை போடல, சாதாரணமாத்தான் சொன்னேன். மாதா படம் அடுப்படியில இருக்கு, பொகை அடிக்கின்னேன். அவ சரின்னுட்டா. பின்னால தகரத்துக்குக் கீழ மூணு செங்கலை வச்சு, வெறகுல சமைச்சா. ஐப்பசி மழை. ஒரு கையில குடை, ஒரு கையில கரண்டி. சலேத்தம்மா வந்து, “ஏன் ரெஜினா, அந்தப் புள்ளய உள்ள விடேன்”னா. உனக்கு இரக்கமா இருந்தா ஒன் வீட்டு அடுப்பைக் கொடுன்னு சொல்லிட்டேன். அவ ஒருநாள் கொடுத்தா. இவ போகல. புருசன் கூப்பிட்டாக் கேக்கணும்னு மழையிலயே நின்னா. வீம்பு.

அப்ப அவளுக்கு இங்க இருக்கதுக்கான கடுதாசியை நீட்டணும்னு வந்துச்சு. ஆள் நேர்ல சென்னைக்கு வரணும்னுட்டாவ. போகலேன்னா திருப்பி அனுப்பிருவாவ. அவளுக்குப் போக மனசே இல்ல. இவன்தான், “போய்ட்டு வா, அக்கா இருக்கால்லா”ன்னான். அதைக் கேட்டு எனக்கு மனசு நெறஞ்சு போச்சு டீச்சர். அக்கா இருக்கால்லா.

போகறதுக்கு முன்னால குழம்பு வச்சா. வடிகட்டி, சின்னச் சின்னக் கப்புல ஊத்தி மூடி, பிரிட்ஜுல அடுக்கினா. என் கையைப் பிடிச்சுக் கூட்டிட்டுப் போய் எனக்குச் சொல்லிக் கொடுக்கா! எனக்கு! “மைனி, லேசா சூடு. மைனி, தலையணை. மைனி, ஸ்லோ, ஸ்லோ.” அவன் முன்னால உக்காந்து கரண்டியை எப்படிப் பிடிக்கணும்னு செஞ்சு காட்டுதா. அவன் வாயில நான் சோறு ஊட்டும்போது இவ எங்க இருந்தா? நான் தலையாட்டினேன். சாயந்தரம் ரயிலுக்குப் போய்ட்டா.

மறுநாள் காலையில பிரிட்ஜைத் தொறந்து ஒரு கப்பை எடுத்து மோந்து பாத்தேன். ஒரு மாதிரி இருந்துச்சு. அதுக்கு எப்பவுமே ஒரு மாதிரித்தான் வாசனை, ஆனா அன்னைக்குக் கெட்டுப் போயிருக்கும்னு எனக்குப் பட்டுச்சு. சீக்காளிக்குக் கெட்டதைக் கொடுக்க முடியுமா? எல்லாக் கப்பையும் சாக்கடையில ஊத்திட்டு, கழுவிக் கவுத்திட்டேன். புழுங்கலரிசியை ஒடைச்சுக் கஞ்சி வச்சேன். நல்லாக் கொழைய விட்டு, மத்தால மசிச்சு, தேங்காப் பாலு விட்டு, உப்புப் பாத்து. வடிகட்டல. வடிகட்டுனா அதுல என்ன சத்து இருக்கும் சொல்லுங்க? தண்ணியாவே குடிச்சுக் குடிச்சுத்தான ஆள் அப்படி ஆயிட்டான்? கொஞ்சம் பருக்கை உள்ள போனாத்தான ஒட்டும்? அவ்வளவு நாள் கோழித் தண்ணி இறங்குதுன்னா, இது இறங்காதா?

“டெல் வச்சுட்டுப் போனது எங்க?”ன்னான்.

“அது கெட்டுப்போச்சுலே. இது குடி. நீ சின்னப்பிள்ளையில குடிச்ச கஞ்சி.”

என்னையே பாத்தான். “சரி, தா”ன்னான்.

முதுகு வலிக்கின்னான், அதனால நிமுத்தல. தலையை என் மடியில வச்சுக்கிட்டேன். எத்தனை வருசம் ஆச்சு அவன் என் மடியில படுத்து. வாயைத் தொறன்னேன், தொறந்தான். ஒரு கரண்டி. முழுங்கினான். நல்லாருக்கான்னு கேட்டேன். நல்லாருக்குன்னு கண்ணைக் காட்டினான். பாருங்க, அவனே சொன்னான், நல்லாருக்குன்னு. இன்னொரு கரண்டி. அதை வாய்லயே வச்சுக்கிட்டான், கன்னத்துல ஒதுக்கி. “முழுங்குலே”ன்னு தொண்டையைத் தடவி விட்டேன். முழுங்கினான். அடுத்த கரண்டிக்குக் கையைத் தூக்கி, போதும்ங்கற மாதிரி காட்டினான். இன்னும் ஒண்ணே ஒண்ணுன்னு கொடுத்தேன்.

பொறவு இருமல் வந்துச்சு. சாதாரண இருமல்னு நினைச்சேன். நெஞ்சைத் தடவினேன். முகம் நீலமாப் போச்சு. கையால கட்டிலை அடிக்கான். நான், “மாதாவே, மாதாவே”ன்னு கத்துதேன், தெருவுல மழைச் சத்தத்துல யாருக்கும் கேக்கல. வாசலைப் பாத்தான். அவளைத் தேடுனான்னு சலேத்தம்மா எல்லார்கிட்டயும் சொல்லிக்கிட்டுத் திரியுதா. சலேத்தம்மா வந்தது எல்லாம் முடிஞ்ச பொறவு, அவளுக்கு எப்படித் தெரியும்? அவன் என்னைத்தான் பாத்தான். வாசல் பக்கம் கண்ணு நின்னுச்சே தவிர, நெனப்பு என் மேலதான்.

செண்பகம் வர்ற நாளு அது. வந்து பாத்தா, நாடி பிடிச்சா, கண்ணை மூடிவிட்டா. பொறவு பஞ்சைத் துணியில சுத்தி அவன் வாயைச் சுத்தம் பண்ணினா. துணியை வெளியில எடுத்து, வெளிச்சத்துல பாத்தா. என்னைப் பாத்தா. “என்னம்மா கொடுத்தீங்க?”ன்னா. எப்பவும் கொடுக்கறதுதான்னேன். அந்தத் துணியை மடிச்சுப் பையில வச்சுக்கிட்டா. நர்ஸுக்குத் துணி கூடவா இல்ல?

சலேத்தம்மாதான் இவளுக்குப் போன் போட்டுச் சொன்னா. விடியக்காலம் வந்து எறங்கிட்டா. கத்தல, மாரடிக்கல, அவங்க வழக்கமோ என்னவோ. சவப்பெட்டி பக்கத்துல தரையில உக்காந்து அவன் காலைப் பிடிச்சுக்கிட்டே இருந்தா. நான்தான் அழுதேன். எங்க தெருவே சொல்லும், நான் அழுத அழுகையைப் பாத்து ஃபாதரே கலங்கிட்டாரு. அடக்கம் முடிஞ்சு வந்த பொறவு செண்பகம் அவளைப் பின்னால கூட்டிட்டுப் போனா. அந்தச் செங்கல் அடுப்பு பக்கத்துல நின்னு ரெண்டு பேரும் ரொம்ப நேரம் பேசினாவ. செண்பகம் அவ கையைப் பிடிச்சிருந்தா. எனக்குக் கேக்கல, ஜன்னல்ல இருந்து பாத்ததுதான். பொறவு இவ உள்ள வந்து அடுப்படியில நின்னா. கவுத்தி வச்சிருந்த கப்பை எல்லாம் பாத்தா. ஒண்ணை எடுத்துக் கையில வச்சுக்கிட்டே நின்னா. என்னைத் திரும்பிப் பாத்தா. நானும் பாத்தேன். எனக்கென்ன பயம்? கப்பைக் கழுவினது ஒரு குத்தமா? அவ மெல்ல கப்பை இருந்த இடத்துலயே வச்சுட்டு, முகம் கழுவப் போய்ட்டா.

அவங்க ஊர்ல செத்த ஒன்பதாம் நாள் சாயந்தரம் எல்லாரையும் கூப்பிட்டுச் சாப்பாடு போடுவாவளாம், பாட்டுப் படிப்பாவளாம். செய்யணும்னா. ஃபாதர் செய்யட்டும்னாரு. அதுக்கு மேல நான் என்ன சொல்ல? தெருப் பொம்பளைங்க எல்லாரும் வந்து கோழி கழுவுறதென்ன, காரட்டு அரியறதென்ன. தேங்காப் பாலு விட்டுப் பயறு போட்டு ஒரு சோறு ஆக்குனா. பெரிய அண்டாவுல சீனி கருகும்போது எல்லாரும் வேடிக்கை பாத்துக்கிட்டுச் சுத்தி நிக்காவ. நான் அடுப்படிக்குள்ளயே இருந்தேன்.

சாப்பிட உக்காந்தாவ. ஆம்பளையள் ரெண்டாந்தரம் வாங்குதாவ. பிள்ளைகள் எலும்பைக் கடிச்சு உறிஞ்சுதுக. “இத்தனை வருசம் கோழி தின்னுருக்கோம், இப்படித் தின்னது இல்ல”ங்காரு ஒரு பெரியவரு. சலேத்தம்மா சத்தமாச் சொல்லுதா, “கிளாட்வின் கொடுத்து வச்சவன். கடைசி வரைக்கும் இந்தக் குழம்பைத்தான குடிச்சுட்டுப் போனான்.” சொல்லிட்டு என்னைப் பாக்கா டீச்சர். எல்லாரும் என்னைப் பாக்காவ. முப்பத்தஞ்சு வருசம் சோறு போட்டவ அங்க நிக்கேன், ஒருத்தரும் ஒரு வார்த்தை சொல்லல.

நான் சொன்னேன், “ஆமா. இந்தக் குழம்பைக் குடிச்சுத்தான் போனான். இதுதான் அவன் தொண்டையை அடைச்சுது.”

வாய்க்குக் கொண்டு போன கை அப்படியே நிக்கி. பெரியவரு இலையை மூடிட்டாரு. ஒருத்தி பிள்ளை வாயில இருந்ததைத் தோண்டி எடுக்கா. எல்லாரும் அவளைப் பாக்காவ. அவ கரண்டியோட அண்டா பக்கத்துல நிக்கா. அவளுக்கு அதுக்குள்ள நம்ம பேச்சு நல்லா புரியும். என்னையே பாத்துக்கிட்டு நின்னா. செண்பகமும் அங்கன சாப்பிட வந்திருந்தா. அவ வெடுக்குன்னு எந்திரிச்சு, “இல்ல, இவங்க சொல்றது...”ன்னு ஆரம்பிச்சா. இவ போய்ச் செண்பகம் கையைப் பிடிச்சு அமுத்தி உக்கார வச்சா. பொறவு எல்லாரையும் பாத்துச் சொன்னா:

“ஆமா. நான் வச்ச குழம்பு. மைனி பாவம். மைனியை ஒண்ணும் சொல்லாண்டாம்.”

கேட்டீயளா? அவளே ஒத்துக்கிட்டா. அத்தனை பேரு முன்னால, ஆமான்னு. தப்பு இல்லாதவ ஆமான்னு சொல்லுவாளா? நீங்க படிச்சவிய, நீங்களே சொல்லுங்க. தெருவுல இன்னைக்கும் ரெண்டு மாதிரி பேசுதாவல்லா, அவிய எல்லாரும் அன்னைக்கு அங்க இருந்தவியதான், அவ வாயால கேட்டவியதான். செண்பகம் அங்கனயே அழுதுட்டா. அவ எதுக்கு அழணும்? இப்ப இந்தத் தெருப்பக்கம் வந்தாலும் என் வீட்டைத் தாண்டுற வரைக்கும் முகத்தைத் திருப்பிக்கிட்டுப் போறா. என்ன கோவமோ.

எல்லாரும் போன பொறவு பாதி அண்டா மிச்சம். அத்தனையையும் அவளே தூக்கிட்டுப் போய்க் கொட்டிட்டு, பாத்திரம் முழுக்கத் தேய்ச்சா. எங்க அம்மா சட்டியையும் தேய்ச்சா. அடியில இருந்த கறுப்பெல்லாம் போற மாதிரி, செங்கப்பொடி போட்டு, கை தோலு உரியற மாதிரி. நான் போதும்னு சொல்லல. அவளாத் தேய்க்கா, தேய்க்கட்டும்.

அடுத்த வாரம் கிளம்பிட்டா. அவ கொண்டு வந்த அந்த மிளகு டப்பாவைச் சலேத்தம்மாவுக்குக் கொடுத்துட்டா. எனக்கு ஒண்ணும் கொடுக்கல, நான் எதிர்பாக்கவும் இல்ல. ஆட்டோ வந்து நிக்கி. திடீர்னு என்னைக் கட்டிப் பிடிச்சா. அவ ஒசரத்துக்கு என் முகம் அவ நெஞ்சுலதான் இருக்கு. எனக்கு மூச்சு முட்டுது. எங்க அப்பா செத்த பொறவு என்னை ஒருத்தரும் அப்படிப் பிடிச்சது இல்ல. “மைனி, வேளைக்குச் சாப்பிடுங்க. தனியா இருந்தாலும் சாப்பிடுங்க”ங்கா. எனக்குப் புத்தி சொல்லுதா.

அதுவும் ஒரு வேடிக்கை பாருங்க, அவ போனதுல இருந்து எனக்குச் சோறு இறங்க மாட்டேங்கு. பருக்கை தொண்டைக்கிட்டப் போகும், நின்னுரும். பயந்து போய் ஆஸ்பத்திரியில காட்டினேன். குழாய் விட்டுப் பாத்துட்டு, ஒண்ணும் இல்லம்மா, சுத்தமா இருக்குன்னுட்டாவ. வயசாயிட்டுல்லா. காப்பி குடிக்கேன், பன்னை முக்கித் திங்கேன். கஞ்சின்னா வடிகட்டிக் குடிக்கேன். போதும், ஒத்த ஆளு.

நீங்க வந்தா நல்லதுதான் டீச்சர். உங்க சமையலை நீங்க பாத்துக்கோங்க, என் அடுப்பையே எடுத்துக்கோங்க, எனக்கு அது பெரும்பாலும் சும்மாத்தான் கிடக்கு. வீட்ல ஒரு ஆள் சோறு திங்கிற சத்தம் கேக்கட்டும்.

போன் அடிக்கின்னு பாக்கீயளா? அடிக்கட்டும். அவதான். ஞாயித்துக்கிழமை பூசை முடிஞ்ச நேரம் பாத்து அடிப்பா. அவளுக்கு அங்க ராத்திரியாம். நான் எடுக்கறதில்ல. எடுத்து என்ன பேச? ஒருவாட்டி தெரியாம எடுத்துட்டேன், “சாப்பிட்டீங்களா மைனி?”ன்னா, வச்சுட்டேன். ஒவ்வொரு வாரமும் அடிக்கா. அடிச்சு ஓஞ்சு போவா.

இன்னும் அடிக்கி பாருங்க.

டீச்சர், ஒரு உதவி செய்றீயளா? நீங்க எடுங்க. நீங்க யாருன்னு கேட்டா, குடியிருக்க வந்திருக்கேன்னு சொல்லுங்க. நான் இங்கன நிக்கேன்னு சொல்லாண்டாம். சாப்பிட்டுட்டாங்கன்னு சொல்லுங்க, அவ்வளவுதான். சோறு சாப்பிட்டாங்கன்னு சொல்லுங்க.